டயர் கேள்விகள்: பெருசா போடலாமா, இருக்கறதே போதுமா?

இந்த தடவ டயர், ரிம் பத்தியே நெறைய கேள்வி வந்திருக்கு, அதனால மத்ததெல்லாம் அடுத்த இதழுக்கு தள்ளிட்டு இத மட்டும் எடுத்துக்கிட்டேன். எல்லாமே வீட்டு உபயோகத்துக்கு கார் வச்சிருக்கவங்க கேள்விங்கிறதால ரேஸ், ஆஃப்ரோடு சமாச்சாரம் எதுவும் இதுல வராது.

கேள்வி: சார், எங்க கார் பேஸ் மாடல். 185/65 ஆர்15 டயர், ஸ்டீல் ரிம். வீட்ல அஞ்சு பேர், லீவு விட்டா டிக்கி நெறைய சாமானோட கெளம்பிடுவோம். பையன் 17 இன்ச் அலாய்தான் வேணும்னு ஒத்த கால்ல நிக்கிறான். கடைக்காரர் 205/60 ஆர்16 போடுங்க, வண்டி கம்பீரமா தெரியும்ங்கிறார். யார் பேச்ச கேக்குறது?

ரெண்டு பேர் பேச்சும் வேணாம், மொதல்ல டிரைவர் கதவ தெறந்து பில்லர்ல ஒட்டியிருக்கிற ஸ்டிக்கர படிங்க. சில வண்டியில பெட்ரோல் மூடிக்கு உள்பக்கம் இருக்கும், இல்லன்னா மேனுவல்ல இருக்கும். உங்க வண்டிக்கு கம்பெனி எந்தெந்த சைஸ ஒத்துக்குதுன்னு அதுல போட்டிருக்கும், பெரும்பாலும் பேஸ் மாடலுக்கு ஒண்ணு, டாப் மாடலுக்கு ஒண்ணுன்னு ரெண்டு இருக்கும். அந்த ரெண்டாவது சைஸ்தான் உங்களுக்கு வம்பில்லாத வழி, ஏன்னா அதே சஸ்பென்ஷன், அதே பிரேக்கோட அந்த டயர கம்பெனியே ஓட்டிப்பாத்து குடுத்திருக்கு.

இப்ப கணக்குக்கு வருவோம், இது ஒரு தடவ புரிஞ்சிட்டா அப்புறம் எந்த கடையிலயும் உங்கள ஏமாத்த முடியாது. 185ங்கிறது டயரோட அகலம், மில்லிமீட்டர்ல. அடுத்த 65 மில்லிமீட்டர் கெடையாது, அது சதவீதம், அதாவது அகலத்துல 65 சதவீதம்தான் சைடுவாலோட, அதான் டயரோட பக்கவாட்டு ரப்பரோட ஒசரம். இங்கதான் பலபேர் கோட்ட விடுறாங்க, அகலத்த மட்டும் ஏத்திட்டு 65அ அப்படியே விட்டா ஒசரமும் கூடவே ஏறிடும்ல. ஆர்னா ரேடியல் டயர்னு அர்த்தம், கடைசியில வர்ற 15 ரிம்மோட குறுக்களவு இன்ச்சுல.

உங்க டயருக்கு போட்டு பாப்போம். 185ல 65 சதவீதம் 120.25 மி.மீ. சைடுவால் ரிம்முக்கு மேலயும் இருக்கு கீழயும் இருக்கு, அதனால ரெண்டு மடங்கு, 240.5. ரிம் 15 இன்ச், இன்ச்சுக்கு 25.4 வச்சா 381. ரெண்டையும் கூட்டினா 621.5 மி.மீ., இதுதான் முழு டயரோட குறுக்களவு. புதுசா எந்த சைஸ் போட்டாலும் இந்த நம்பர்ல இருந்து ரொம்ப விலகக்கூடாது, 2 சதவீதத்துக்குள்ள நிறுத்திக்கிட்டா நல்லது, 3 தாண்டவே கூடாது.

கடைக்காரர் சொன்ன 205/60 ஆர்16அ இதே மாதிரி போட்டா 652.4 வருது. 31 மி.மீ. பெருசு, கிட்டத்தட்ட 5 சதவீதம். ஸ்டியரிங்க முழுசா ஒடிக்கும்போதோ, அஞ்சு பேரும் ஏறி பின்பக்கம் இறங்கி பள்ளத்துல விழும்போதோ மட்கார்டு உள்பக்கம் ஒரசும். கடையில காலி வண்டியில மாட்டி ஒரு ரவுண்டு ஓட்டி காமிப்பாங்க, அப்ப ஒண்ணும் ஒரசாது, அதான் அதுல இருக்கிற வேடிக்கை. ஸ்பீடோமீட்டர் 100 காட்டினா நெசமா 105 பக்கம் போயிட்டிருப்பீங்க (மீட்டர் வழக்கமா கொஞ்சம் கூட்டித்தான் காட்டும், ஆனா அந்த இடைவெளிய இது மொத்தமா தின்னுடும்). பிக்கப்பும் அடி வாங்கும், எல்லா கியரும் கொஞ்சம் பெருசான மாதிரி ஆயிடும், லோடோட மேடு ஏறும்போது நல்லாவே தெரியும்.

பையன் கேக்குற 17 இன்ச்சுக்கு 205/45 ஆர்17 வச்சு பாத்தா 616.3, ஒரு சதவீதம்கூட வித்தியாசம் இல்ல, கணக்குல பாஸ். ஆனா சைடுவால பாருங்க, 120 மி.மீ. இருந்தது 92 ஆயிடுது. அந்த 28 மி.மீ. ரப்பரும் காத்தும்தான் பள்ளத்துல விழும்போது அடிய உள்வாங்குறது, அது கொறஞ்சா அடி நேரா ரிம்முக்கும் சஸ்பென்ஷனுக்கும் அப்புறம் பின்சீட்ல உக்காந்திருக்கவங்க முதுகுக்கும் போகும். சைடுவால் ரிம்முக்கும் பள்ளத்தோட ஓரத்துக்கும் நடுவுல நசுங்கி உள்ள நூல் அறுந்து வெளிய வீங்கி நிக்கும், அப்படி வீங்கின டயர ரிப்பேர் பண்ணவே முடியாது, தூக்கிப்போட வேண்டியதுதான். இதுபோக 205/45 ஆர்17க்கு ரிம் அகலம் குறைஞ்சது 6.5 இன்ச் வேணும், 17 இன்ச் ரிம்மோட எடையும் பெரும்பாலும் கூடத்தான் இருக்கும், அந்த எடை ஸ்பிரிங்குக்கு கீழ சேர்றதால சின்ன குலுக்கல்கூட உள்ள தெரியும்.

நடுவுல ஒண்ணு இருக்கு, 195/55 ஆர்16. கணக்கு போட்டா 620.9, உங்க பழைய டயருக்கும் இதுக்கும் அரை சதவீதம்கூட வித்தியாசம் வராது, சைடுவால் 107 மி.மீ. கெடைக்குது. 185/65 ஆர்15ல வர்ற பல கார்களுக்கு டாப் மாடல்ல இந்த சைஸ்தான் குடுக்கிறாங்க. உங்க ஸ்டிக்கர்ல இது இருந்தா தாராளமா போடுங்க, பையனுக்கும் அலாய் கெடைச்ச மாதிரி ஆச்சு. ஸ்டிக்கர்ல இல்லன்னா நான் 15லயே இருந்துட்டு அந்த காசுக்கு அதே சைஸ்ல நல்ல டயரா நாலு வாங்குவேன். ஒண்ணு மட்டும், சைஸ் மாத்துறதுக்கு முன்னாடி இன்சூரன்ஸ் கம்பெனிகிட்ட எழுத்துல கேட்டு பதில் வாங்கி வச்சுக்கோங்க, வண்டி பதிவு விதியிலயும் அதுக்கு எடம் இருக்கான்னு பாத்துக்கோங்க. வாய்ல சொன்னதெல்லாம் கிளெய்ம் அன்னிக்கு நிக்காது.

கேள்வி: 185/65 ஆர்15க்கு பதிலா 195/65 ஆர்15 போட்டா வண்டி நல்லா ஒசந்துடும், ஸ்பீடு பிரேக்கர்ல அடி தட்டாதுன்னு நண்பர் சொல்றார். நெசமா?

ஒசரும், எவ்வளவு ஒசரும்னு பாத்தா சிரிப்பு வரும். 195/65 ஆர்15 மொத்தம் 634.5 மி.மீ., பழசவிட 13 மி.மீ. கூட. ஆனா வண்டி ஒசர்றது அதுல பாதிதான், அச்சுக்கு கீழ இருக்கிற பாதி மட்டும்தான வண்டிய தூக்கும். ஆக ஆறரை மி.மீ. ஸ்பீடு பிரேக்கர்ல அடி தட்டுற வண்டிக்கு ஆறரை மி.மீ. ஒண்ணும் பெருசா செஞ்சிடாது. பின்பக்க ஸ்பிரிங் தளர்ந்துடுச்சா, பின்னாடி பிரஷர் கொறச்சலா இருக்கான்னு பாருங்க, லோடு ஏத்தும்போது ஸ்டிக்கர்ல போட்டிருக்கிற ஃபுல் லோடு பிரஷர் வைங்க, அதுலயே வித்தியாசம் தெரியும்.

இன்னொரு விஷயம், இந்த சைஸ் போட்டவங்க நெறைய பேர் மைலேஜ் கொறஞ்சிடுச்சுன்னு வருத்தப்படுவாங்க. கொஞ்சம் கொறையறது நெசம்தான், ஆனா அதுல ஒரு பங்கு கணக்கு தப்பு. டயர் 2 சதவீதம் பெருசானா ஒரு சுத்துக்கு 2 சதவீதம் கூட போகுது, ஓடோமீட்டருக்கு அது தெரியாது, அது 100 கி.மீ.ன்னு காட்டும்போது நீங்க 102 ஓடியிருப்பீங்க. அத சேத்துக்கிட்டு மைலேஜ் போட்டு பாருங்க.

கேள்வி: டயர் மாத்த போனேன். பழசுல 88ஹெச்னு இருந்தது. கடையில அதே சைஸ்ல 84டி இருக்கு, வெலை கம்மி, சைஸ் ஒண்ணுதானே எடுத்துக்கோங்கன்னாங்க. அந்த நம்பர் அவ்வளவு முக்கியமா?

சைஸவிட முக்கியம்னே சொல்லுவேன். குடும்ப வண்டிக்கு இந்த நம்பர்தான் மொதல்ல பாக்க வேண்டியது, ஆனா கடையில இத பத்தி யாரும் வாயே தெறக்க மாட்டாங்க, நாமளும் கேக்குறதில்ல.

அந்த 88 லோடு இண்டெக்ஸ். ஒரு டயர் எவ்வளவு எடை தாங்கும்ங்கிறதுக்கான நம்பர், நேரா கிலோ இல்ல, ஒரு அட்டவணை இருக்கு. 82னா 475 கிலோ, 84னா 500, 86னா 530, 88னா 560, 91னா 615. ஆக 84க்கு போனா ஒரு டயருக்கு 60 கிலோ போச்சு, நாலுக்கும் சேத்து 240 கிலோ. மூணு பெரியவங்க எடை அது.

ஆனா வண்டியோட மொத்த எடையே 1,600 கிலோதானே, நாலு 500 சேந்தா 2,000 வருதே, போதாதான்னு கேப்பீங்க. போதாது. எடை நாலு சக்கரத்துக்கும் சமமா பிரிஞ்சு உக்காறதில்ல, பின்சீட்ல மூணு பேர், டிக்கியில சாமான்னா பின் டயர் ரெண்டும் தலையில சொமக்குது, பிரேக் அடிச்சா முன்னாடி சாயுது, வளைவுல வெளிப்பக்க டயர் மேல ஏறுது. அதோட அந்த 500 கிலோங்கிறது அந்த டயருக்குன்னு வச்சிருக்கிற முழு பிரஷர்ல தாங்குற எடை, சாதாரண டயருக்கு அது 2.5 பார், சுமார் 36 பிஎஸ்ஐ. நாம ஓட்டுறது 32, 33ல. காத்து கொறஞ்சா தாங்குற எடையும் கொறையும். கம்பெனி ஸ்டிக்கர்ல 32 போடுன்னு சொன்னது 88 டயர மனசுல வச்சுத்தான்.

லோடு தாங்காத டயர் டக்குனு ஒடையாது, அதான் ஆபத்து. சைடுவால் அளவுக்கு மேல வளைஞ்சு வளைஞ்சு சூடாகும், வெயில்ல ஹைவேயில மணிக்கணக்கா ஓடும்போது உள்ள லேயர் ஒண்ணோட ஒண்ணு விட்டு பிரியும். நீங்க குடும்பத்தோட வெளியூர் போற அன்னிக்குத்தான் அது நடக்கும், ஏன்னா லோடு, வேகம், சூடு மூணும் அன்னிக்குத்தான் சேருது. தனியா ஆபீஸ் போயிட்டு வர்றத வச்சு டயர் எடுக்காதீங்க, வண்டி நெறைய ஆளோட கெளம்புற நாள வச்சு எடுங்க.

பக்கத்துல இருக்கிற எழுத்து வேகம். எஸ்னா 180 கி.மீ., டி 190, ஹெச் 210, வி 240. நான் என்ன 210லயா போகப்போறேன்னு கேக்கலாம், ஆனா அந்த எழுத்து சூட்ட எவ்வளவு தாங்கும்ங்கிறதையும் சேத்துத்தான் சொல்லுது. கம்பெனி போட்டிருக்கிறதுக்கு சமமாவோ மேலயோ போங்க, கீழ எறங்காதீங்க. எக்ஸ்எல்னு (எக்ஸ்ட்ரா லோடு) போட்ட டயர் கெடைச்சா அதுவும் ஆகும், ஆனா அது கூடுதல் எடைய தாங்குறது கூடுதல் காத்துல, 2.9 பார்ல. பழைய பிரஷர்லயே ஓட்டினா அந்த எக்ஸ்ட்ரா பலம் உங்களுக்கு கெடைக்காது.

கேள்வி: அண்ணா, ஃபிரண்டு அவன் கார்ல இருந்து கழட்டின அலாய் செட்ட கம்மி வெலைக்கு தர்றான். நாலு ஓட்டைதான், என் காருக்கும் நாலு ஓட்டைதான், 15 இன்ச்தான். வாங்கிடலாமா?

இருங்க தம்பி, ஓட்டைய எண்ணினா பத்தாது. அலாய்ல நாலு அளவு சேரணும், அதுல ஒண்ணு சேரலன்னாலும் ஃபிரண்டுகிட்டயே இருக்கட்டும்.

மொதல் அளவு பிசிடி, நாலு போல்ட்டும் எந்த வட்டத்துல நிக்குதோ அந்த வட்டத்தோட குறுக்களவு. 4x100னு இருக்கும், 4x98னும் இருக்கும், 4x108னும் இருக்கும். இதுல வில்லன் 98தான். 100 ஹப்புல (ஹப்னா வண்டியில ரிம் மாட்டுற நடு பாகம்) 98 ரிம் கிட்டத்தட்ட ஏறிடும், நட்டும் இழுத்து புடிச்சிடும், பாக்க ஒண்ணும் தெரியாது. ஆனா நட்டு சரியா அதோட குழியில உக்காராம கோணலா நிக்கும், ஓட ஓட லூசாகும், நட்டு ஏறுற ஸ்டட் வளைஞ்சு ஒரு நாள் முறியும். பெரிய சுத்தியலோ, நாலடி பைப்போ வச்சு ஏத்துற மாதிரி இருந்தா அந்த எடத்துலயே நிறுத்திடுங்க.

ரெண்டாவது நடு ஓட்டை. பல சின்ன கார்ல ஹப் 54.1 மி.மீ. இருக்கும், வெளிய வாங்குற அலாய்ல எல்லா காருக்கும் ஏறணும்னு பெருசா விட்டிருப்பாங்க. பெருசா இருந்தா பரவால்ல, நடுவுல ஹப் ரிங்னு ஒரு வளையம் போட்டா சரியா நடுவுல உக்காரும், போடலன்னா 80, 90 வேகத்துல ஸ்டியரிங் நடுங்கும், எத்தன தடவ பேலன்சிங் பண்ணாலும் போகாது. சின்னதா இருந்தா ரிம் ஏறவே ஏறாது, கடைஞ்சு தர்றேன்னு யாராவது சொன்னா வேணாம்னுடுங்க.

மூணாவது ஆஃப்செட், ரிம்முக்கு பின்னாடி ஈடி45ன்னு பொறிச்சிருக்கும். ரிம்மோட நடுக்கோட்டுக்கும் ஹப்புல ஒட்டுற முகத்துக்கும் நடுவுல எத்தன மி.மீ.ங்கிறது அது. நம்பர் கொறைய கொறைய சக்கரம் வெளிய வரும். நாலாவது ரிம் அகலம், 6 ஜே, 7 ஜேன்னு. இந்த ரெண்டையும் சேத்துத்தான் பாக்கணும். இப்ப உங்களது 6 ஜே ஈடி45, ஃபிரண்டோடது 7 ஜே ஈடி35ன்னு வைங்க. அகலம் ஒரு இன்ச் கூடினதால ரெண்டு பக்கமும் 12.7 மி.மீ. வளரும், ஆஃப்செட் 10 கொறஞ்சதால மொத்த சக்கரமும் 10 மி.மீ. வெளிய தள்ளும். ஆக வெளி ஓரம் 22.7 மி.மீ. வெளிய வந்துடும், உள் ஓரம் 2.7 மி.மீ. உள்ள போகும். 22 மி.மீ.ங்கிறது மட்கார்ட தாண்டி வெளிய தெரியுற அளவு, சேறு கதவு முழுக்க அடிக்கும், வீல் பேரிங்க்கு லோடு கூடும், ஸ்டியரிங் ரோட்டுல இருக்கிற ஒவ்வொரு கோட்டையும் புடிச்சுக்கிட்டு இழுக்கும்.

185/65 ஆர்15 டயருக்கு ரிம் 5 இன்ச்சுல இருந்து 6.5 வரைக்கும்தான். 7 ஜே ரிம்முல அத மாட்டினா டயர் இழுத்து விரிச்ச மாதிரி நிக்கும், சைடுவால் உள்ள சாஞ்சு ரிம் ஓரம் வெளிய நீட்டிக்கிட்டு இருக்கும், ஒரு தடவ பிளாட்ஃபார்ம் ஓரம் ஒரசினா ரிம் காலி.

இதெல்லாம் சேந்தாக்கூட பழைய ரிம்ம வாங்குறதுக்கு முன்னாடி பேலன்சிங் மெஷின்ல டயர் இல்லாம சுத்தவிட்டு பாருங்க. வளைஞ்சிருந்தா கண்ணுக்கே தெரியும். உள்பக்கம் விரிசலுக்கு வெல்டிங் அடிச்ச தழும்பு இருந்தா தொடாதீங்க.

கேள்வி: அகலமான டயர்னா மழையில கிரிப் கூடும்தானே?

ஈர ரோட்டுல ஓரளவு ஆமா, தண்ணி தேங்கின ரோட்டுல உல்ட்டா. தண்ணி மேல ஓடும்போது டயர் அந்த தண்ணிய ரெண்டு பக்கமும் ஒதுக்கி தரைய தொடணும், அகலம் கூடினா ஒதுக்க வேண்டிய தண்ணியும் கூடும், அழுத்தம் பரவிப்போகும், அதனால கொஞ்சம் கம்மி வேகத்துலயே தண்ணி மேல மெதக்க ஆரம்பிச்சிடும். அந்த நேரத்துல ஸ்டியரிங் லேசாயிடும், பிரேக் புடிக்காது. 185ல இருந்து 195 போறதுக்கு பயப்பட வேணாம், அந்த வித்தியாசத்தவிட டயர்ல பட்டன், அதான் தரைய தொடுற ரப்பர் கட்டை, எவ்வளவு மிச்சம் இருக்குங்கிறதுதான் பெருசு. காடிக்குள்ள சின்ன மேடு இருக்கும், அது 1.6 மி.மீ., பல நாட்டு சட்டப்படி அது வரைக்கும் ஓட்டலாம், ஆனா மழைக்காலத்துக்கு முன்னாடி 3 மி.மீ. கிட்ட வந்திருந்தாலே மாத்திடுறது என் பழக்கம்.

கேள்வி: டயர் பக்கவாட்டுல அதிகபட்சம் 51 பிஎஸ்ஐன்னு போட்டிருக்கு. நான் 33தான் அடிக்கிறேன். தப்பா?

33 உங்க ஸ்டிக்கர்ல இருந்தா அதான் சரி. அந்த 51 டயரோட எல்லை, உங்க வண்டிக்கான அளவு இல்ல. அவ்வளவு அடிச்சா டயர் நடுவுல மட்டும் தரைய தொட்டு நடு பட்டன் சீக்கிரம் தேயும், பிரேக் தூரம் கூடும், பள்ளத்துல குதிக்கும்.

ஸ்டிக்கர்ல ரெண்டு வரிசை இருக்கும், ஆள் கம்மிக்கு ஒண்ணு, ஃபுல் லோடுக்கு ஒண்ணு. பின் டயருக்கு ரெண்டாவது வரிசையில நல்லா கூடுதலா போட்டிருக்கும், வெளியூர் போறதுக்கு முன்னாடி அத வைங்க, வந்ததும் எறக்கிடுங்க. வண்டி ஓடாம சில மணி நேரம் நின்ன அப்புறம் பாக்கணும், ஓடி சூடான டயர் ரெண்டு மூணு பிஎஸ்ஐ கூட்டித்தான் காட்டும், அத பாத்து காத்த எறக்கிட்டா ஆறினதும் கொறச்சலா நிக்கும். புது சைஸ் போட்டிருந்தா அந்த சைஸுக்கு ஸ்டிக்கர்ல தனியா அளவு இருக்கான்னு பாருங்க, சைடுவால் சின்னதான டயருக்கு பெரும்பாலும் கொஞ்சம் கூட வேணும்.

கேள்வி: முன் டயர் ரெண்டும் மொட்டையாயிடுச்சு, பின்னாடி பாதி இருக்கு. முன் வீல் டிரைவ் வண்டி. புதுசு ரெண்ட முன்னாடிதானே போடணும்?

பின்னாடி போடுங்க. பாதி தேஞ்சத முன்னாடி கொண்டு வாங்க. கேக்க தலைகீழா இருக்கும், கடையிலயே பாதி பேர் முன்னாடி போட்டு அனுப்பிடுவாங்க. காரணம் இதான்: ஈரத்துல முன் டயர் வழுக்கினா வண்டி வளையாம நேரா போக பாக்கும், ஆக்சிலேட்டர்ல இருந்து கால எடுத்தா வேகம் கொறஞ்சு திரும்ப புடிச்சிடும், யாரா இருந்தாலும் சமாளிச்சிடலாம். பின் டயர் வழுக்கினா பின்பக்கம் சுத்திக்கிட்டு வந்துடும், நல்லா கை தேர்ந்த டிரைவருக்கே அது கஷ்டம், ஸ்டியரிங்ல முன்கூட்டி எதுவும் தெரியவும் தெரியாது. ஒரே அச்சுல வலது ஒரு பிராண்டு இடது ஒரு பிராண்டுன்னு போடாதீங்க. நாலு வீல் டிரைவ் வண்டி வச்சிருக்கவங்க ரெண்டு மட்டும் மாத்துறதுக்கு முன்னாடி மேனுவல படிங்க, தேஞ்சதுக்கும் புதுசுக்கும் சுத்தளவு மாறும்போது முன் அச்சுக்கும் பின் அச்சுக்கும் நடுவுல வேக வித்தியாசத்த சமாளிக்கிற நடு டிஃபரன்ஷியலுக்கு ஓய்வே இருக்காது, அந்த செலவு நாலு டயர் செலவவிட பெருசு.

கேள்வி: நாலு வீலும் 16க்கு மாத்திட்டேன், ஸ்டெப்னி மட்டும் பழைய 15 ஸ்டீல் ரிம். பரவால்லயா?

மொத பதில்ல சொன்ன ஜோடின்னா, அதாவது 185/65 ஆர்15ம் 195/55 ஆர்16ம்னா, குறுக்களவு ஒண்ணுதான், தாராளமா பங்க்சர் கடை வரைக்கும் ஓட்டலாம். ஆனா ஒரு விஷயம் மாட்டும்போதுதான் தெரியும், நட்டு. வெளியில வாங்குற அலாய்க்கு பல சமயம் தனி நட்டு குடுப்பாங்க, அதோட நீளமும் அது உக்கார்ற முகமும் ஸ்டீல் ரிம்முக்கு சேராம போகலாம், கோன் மாதிரி இருக்கிறது ஒண்ணு, உருண்டையா இருக்கிறது ஒண்ணு. நடுராத்திரி ரோட்டோரம் அத கண்டுபிடிக்கிறதுக்கு இப்பவே பழைய நட்டு நாலையும் ஸ்டெப்னி பக்கத்துல ஒரு கவர்ல போட்டு வைங்க.

சின்ன ஒல்லி ஸ்டெப்னி வந்த வண்டின்னா அதுல 80 கி.மீ. வேகம்தான் எல்லைன்னு அதுலயே எழுதியிருக்கும், பிரஷரும் மத்த டயர் மாதிரி இல்ல, பெரும்பாலும் 60 பிஎஸ்ஐ. வருஷக்கணக்கா யாரும் காத்து பாக்காத டயர் அது, இன்னிக்கு ஒரு தடவ பாத்துடுங்க.

கேள்வி: ஒல்லி டயர் போட்டா மைலேஜ் கூடுமாமே?

கொஞ்சம் கூடும், பிரேக்கும் லோடும் அதவிட கூடுதலா கொறையும். ஸ்டிக்கருக்கு கீழ எறங்காதீங்க. மைலேஜ் வேணும்னா காத்து சரியா வைங்க, அதே சைஸ்ல ரோலிங் ரெசிஸ்டன்ஸ் (உருளும்போது வர்ற தடை) கம்மியான டயரா கேட்டு வாங்குங்க.

கேள்வி: அப்பா கார், ரொம்ப ஓடவே இல்ல, பட்டன் புதுசு மாதிரி இருக்கு. ஆனா வாங்கி ரொம்ப வருஷம் ஆச்சு. டயர மாத்தணுமா?

டயர் பக்கவாட்டுல டாட் (DOT)னு ஆரம்பிக்கிற எழுத்து வரிசையோட கடைசியில நாலு நம்பர் இருக்கும். 2318னா 2018ஆம் வருஷம் 23ஆவது வாரம் செஞ்சது. ரப்பர் ஓடினாலும் ஓடாட்டியும் வயசாகும், வெயில்ல நிக்கிற வண்டிக்கு சீக்கிரமே. பல கார் கம்பெனிங்க 6 வருஷத்துல மாத்த சொல்றாங்க, டயர் கம்பெனிங்க 10 வருஷத்துக்கு மேல பட்டன் எவ்வளவு இருந்தாலும் வேணவே வேணாம்ங்கிறாங்க. சைடுவால்ல பொடிப்பொடியா விரிசல் தெரிஞ்சா வருஷ கணக்கே வேணாம், மாத்திடுங்க. புது டயர் வாங்கும்போதும் இதே நாலு நம்பர பாத்துட்டு வாங்குங்க.

கேள்வி: புது அலாய் போட்டதுல இருந்து டயர் பிரஷர் லைட் எரிஞ்சுக்கிட்டே இருக்கு, காத்து சரியாத்தான் இருக்கு சார். ஏதாவது கோளாறா?

அனேகமா இல்ல. உங்க வண்டியில ரெண்டு வகையில ஒண்ணு இருக்கும். வால்வோட சேந்த சென்சார் வகைன்னா, பழைய ரிம்முலயே அது தங்கியிருக்கும், கடையில போய் எடுத்து புது ரிம்முல மாட்ட சொல்லுங்க. இன்னொரு வகையில சென்சாரே கெடையாது, ஏபிஎஸ் ஒவ்வொரு சக்கரமும் எவ்வளவு வேகமா சுத்துதுன்னு பாத்து காத்து கொறஞ்சிருக்கான்னு ஊகிக்கும், டயர் மாத்தினதும் அதுக்கு புதுசா சொல்லிக்குடுக்கணும். காத்த சரி பண்ணிட்டு மெனுவுல ரீசெட் பண்ணி கொஞ்ச தூரம் ஓட்டுங்க, லைட் போயிடும். அப்படியே இன்னொண்ணு, புது அலாய்ல நட்டு கொஞ்சம் உக்கார்றதுக்கு நேரம் எடுக்கும், ஒரு 100 கி.மீ. ஓடினதும் டார்க் ரெஞ்ச் (நட்ட அளவா இறுக்குற ஸ்பேனர்) வச்சு மறுபடி செக் பண்ண சொல்லுங்க, அளவு மேனுவல்ல இருக்கும், ஏர் கன்ன வச்சு கடகடன்னு இழுத்து விட விடாதீங்க.